திமிங்கலம் காட்டப் படகு விடலாமா?

கேள்வி: கடந்த டிசம்பரில் குடும்பத்துடன் இலங்கையின் மிரிஸ்ஸவுக்குச் சென்று படகில் நீலத்திமிங்கலம் பார்த்தோம். ஏழெட்டுப் படகுகள் போட்டி போட்டுக்கொண்டு விரட்டியதில், எங்கள் படகோட்டி மட்டும் திமிங்கலத்துக்கு முன்னால் போய் மறித்து, மிக அருகில் காட்டிவிட்டார். பிள்ளைகளுக்கு மகிழ்ச்சி தாங்கவில்லை. முக்கடலும் கூடும் கன்னியாகுமரியில் இதை ஏன் தொடங்கக் கூடாது? விவேகானந்தர் பாறைக்குப் போகும் படகுகளையே இன்னும் சற்றுத் தூரம் விட்டால் போதுமே. தடைக்காலத்தில் சும்மா நிற்கும் விசைப்படகுகளையும் பயன்படுத்தினால் மீனவர்களுக்கும் வருமானம் கிடைக்கும். அரசு ஏன் யோசிப்பதில்லை?
— வாசகர், மார்த்தாண்டம்

பதில்: அரசு யோசிப்பது இருக்கட்டும், தாங்கள் பாராட்டியிருக்கும் அந்தப் படகோட்டியைப் பற்றி முதலில் பேச வேண்டியிருக்கிறது. திமிங்கலம் காட்டும் தொழில் ஒழுங்காக நடக்கும் இடங்களிலெல்லாம் எது கூடவே கூடாது என்று சொல்லிவைத்திருக்கிறார்களோ, அதைத்தான் அவர் தங்கள் பிள்ளைகளின் கண் முன்னே செய்திருக்கிறார்.

நீலத்திமிங்கலம் மீன் அன்று. நம்மைப் போல நுரையீரலால் மூச்சு விடும் பாலூட்டி. ஆழத்தில் இரை தேடிவிட்டு மேலே வரும்போது சில நிமிடங்களுக்குள் பல முறை மூச்செடுத்துக்கொண்டு, மறுபடியும் பத்து நிமிடத்துக்கு மேல் நீருக்குள் இருக்கும்படி இறங்கும். அந்தச் சில நிமிடங்கள் அதற்கு இளைப்பாறும் நேரம். அடுத்த முழுக்குக்கான காற்றைச் சேர்த்துக்கொள்ளும் நேரமும் அதுதான். முன்னால் ஒரு படகு மறித்து, பின்னால் ஏழு படகுகள் விரட்டினால், மூச்சைப் பாதியில் விட்டுவிட்டு அது மூழ்கும். இரை கிடைக்கும் இடத்தை விட்டு விலகவும் கூடும். முப்பது மீட்டர் வரை வளரும் விலங்குக்கு ஒரு சிறு படகு என்ன செய்துவிடும் என்று கேட்கலாம். ஒரு நாளில் ஒரு படகு என்றால் அது பொறுத்துக்கொள்ளக்கூடும். பருவம் முழுவதும், காலைதோறும், பல படகுகள் அதே விலங்குகளைச் சுற்றிக்கொண்டிருக்கும்போது, அவை உண்ணும் நேரமும் ஓய்வு நேரமும் குறைந்துகொண்டே வரும்.

இதற்காகத்தான் பல நாடுகளில் பெரிய திமிங்கலத்திலிருந்து 100 மீட்டராவது தள்ளி நிற்க வேண்டும் என்று விதி வைத்திருக்கிறார்கள். நேர் முன்னாலும் நேர் பின்னாலும் போகக் கூடாது. பக்கவாட்டில், அது போகும் திசையிலேயே, அதன் வேகத்துக்கு மேல் போகாமல் செல்ல வேண்டும். நெருங்கியதும் இயந்திரத்தை வெறும் ஓட்டத்தில் விட்டுக் காத்திருக்க வேண்டும். திமிங்கலமாக விரும்பி அருகில் வந்தால் அது வேறு. ஓசையும் இதில் பெரிய சங்கதி. காற்றில் போவதைவிட நீருக்குள் ஒலி நான்கு மடங்குக்கு மேல் வேகமாகச் செல்கிறது, வெகுதூரமும் செல்கிறது. நீலத்திமிங்கலங்கள் ஒன்றையொன்று அழைப்பது மிகத் தாழ்ந்த ஒலியில்தான். இயந்திர இரைச்சல் பெருகினால் அந்த அழைப்பு அதில் அமிழ்ந்துபோகும்.

வழிகாட்டி என்று ஒருவர் படகில் இருப்பது இந்த இடத்தில்தான் பொருள் பெறுகிறது. தொலைவில் எழும் மூச்சுத் தாரையைப் பார்த்தே அவர் இனத்தைச் சொல்லிவிடுவார். நேராக, ஒன்பது மீட்டர் வரை உயரமாக எழுந்தால் நீலத்திமிங்கலம். முன்புறமாக, இடப்பக்கம் சாய்ந்து எழுந்தால் எண்ணெய்த் திமிங்கலம், ஏனெனில் அதன் மூச்சுத்துளை தலையின் முன்நுனியில் இடப்பக்கமாக இருக்கிறது. நீலத்திமிங்கலம் மூழ்கினால் கால் மணி நேரத்துக்குள் மீண்டும் காணலாம் என்பதும், எண்ணெய்த் திமிங்கலம் மூழ்கினால் முக்கால் மணி நேரம்கூட ஆகலாம் என்பதும் அவருக்குத் தெரியும். அதனால் அவர் விரட்டச் சொல்ல மாட்டார், காத்திருக்கச் சொல்வார். ஏறும் முன்பே, இன்று ஒன்றும் தென்படாமல் திரும்ப நேரலாம் என்று சொல்லும் துணிவும் அவருக்கு வேண்டும். காணாவிட்டால் மறுநாள் இலவசம் என்று விளம்பரம் செய்யும் படகில் இந்தத் துணிவுக்கு இடமில்லை. எப்படியாவது காட்டித் தீர வேண்டும் என்ற நெருக்கடியில்தான் அந்தப் படகு துறையை விட்டுப் புறப்படுகிறது. தங்கள் கடிதத்தில் படகோட்டி வருகிறார், மற்றப் படகுகள் வருகின்றன, பிள்ளைகள் வருகிறார்கள். வழிகாட்டி ஒருவர் இருந்ததாகவே தெரியவில்லை.

இனிக் கன்னியாகுமரிக்கு வருவோம். விவேகானந்தர் பாறை கரையிலிருந்து ஏறக்குறைய அரைக் கிலோமீட்டர் தொலைவில் இருக்கிறது. பூம்புகார் கப்பல் போக்குவரத்துக் கழகத்தின் படகுகள் அந்தத் தூரத்துக்கானவை. கடல் சற்றுச் சீறினாலே அந்தச் சேவையை நிறுத்திவிடுகிறார்கள் என்பதை நம் மாவட்டத்தார் அனைவரும் அறிவோம். தாங்கள் சொல்லும் "இன்னும் சற்றுத் தூரம்" எவ்வளவு என்று கணக்கிட்டால், அது வேறு வகைக் கப்பலும் வேறு வகை மாலுமிகளும் கேட்கும் தூரமாகிவிடுகிறது. மிரிஸ்ஸவில் கரையை ஒட்டிய ஆழம் குறைந்த கடலடித் தரை மிகக் குறுகியது. கரையிலிருந்து சில கிலோமீட்டர் போனாலே தரை சரிந்து ஆழ்கடல் தொடங்குகிறது, ஆழத்தில் இரை தேடும் திமிங்கலம் அதனால் கரைக்குக் கிட்டத்திலேயே உலவுகிறது. நமக்குத் தெற்கே கடல் அப்படி அமையவில்லை. இங்கே வெட்ஜ் பேங்க் என்ற பரந்த மேட்டு நிலம் நீருக்குள் கிடக்கிறது. சுமார் 10,000 சதுர கிலோமீட்டர் பரப்பு, பெரும்பகுதியில் நூறு மீட்டருக்கும் குறைந்த ஆழம். 1976-இல் இந்தியாவும் இலங்கையும் செய்துகொண்ட உடன்பாட்டின்படி இந்தியாவுக்கு உறுதிசெய்யப்பட்ட இந்த மீன்வளப் பரப்புதான் குமரி மீனவரின் சோற்றுப் பானை. அந்த வளத்தை நமக்குக் கொடுத்திருக்கும் அதே மேடுதான் திமிங்கலம் மேயும் ஆழத்தை நம் கரையிலிருந்து வெகுதொலைவுக்குத் தள்ளியும் வைத்திருக்கிறது. போக வர ஒரு முழு நாள் பிடிக்கும் பயணத்தை, கடல் பழகாத முதியோரும் குழந்தைகளும் ஏறும் சுற்றுலா என்று சொல்லிச் சீட்டு விற்க முடியாது.

தடைக்காலத்தில் ஓட்டலாம் என்ற யோசனை இன்னும் ஆபத்தானது. நம் மாவட்டத்தில் இரண்டு தடைக்காலங்கள் உண்டு: சின்னமுட்டம் கிழக்குக் கரைக் கணக்கில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரையிலும், முட்டமும் குளச்சலும் தேங்காப்பட்டணமும் மேற்குக் கரைக் கணக்கில் ஜூன் 1 முதல் ஜூலை 31 வரையிலும் அடங்கும். மிரிஸ்ஸவில் திமிங்கலம் காட்டும் பருவமே நவம்பரில் தொடங்கி ஏப்ரலோடு முடிந்துவிடுகிறது; காரணம், அதன்பின் தென்மேற்குப் பருவக்காற்றில் அங்கே கடல் கொந்தளிக்கிறது. நம் ஆனி ஆடிக் கடல் அதற்குச் சற்றும் இளைத்ததில்லை. சித்திரை வைகாசியிலோ கள்ளக்கடல் வரும். தென் இந்தியப் பெருங்கடலில் எங்கோ எழும் புயலின் அலை, இங்கே காற்றும் மழையும் இல்லாத தெளிந்த நாளில் சொல்லாமல் கரையேறும். 2024 மே மாதம் கணபதிபுரம் லெமூர் கடற்கரையில் ஐந்து பயிற்சி மருத்துவர்களை நாம் இழந்தது அப்படி ஒரு நாளில்தான். அவர்கள் கரையோரத்தில் நின்றவர்கள். ஐம்பது பேரோடு துறைக்குத் திரும்பும்போது அதே கரையோர அலையில் சிக்கும் படகை நினைத்துப் பாருங்கள்.

மீன்பிடிப் படகில் சுற்றுலாப் பயணிகளை ஏற்றுவதையும் எவரும் எளிதாகப் பேசிவிடக் கூடாது. மீன்பிடி விசைப்படகு வலைக்கும் ஐஸுக்கும் பிடித்த மீனுக்கும் கட்டப்பட்டது; பாரம் அடியில் இருக்கும்போதுதான் அது நிலையாக நிற்கும். மேல்தட்டில் மனிதர்கள் நின்று, "அதோ திமிங்கலம்" என்றதும் எல்லாரும் ஒரே பக்கம் ஓடினால் அந்த நிலை குலைந்துவிடும். கேரளத்தின் தானூரில் 2023 மே 7 அன்று 22 பேரைப் பலிகொண்ட படகு, மீன்பிடிப் படகாக இருந்து சுற்றுலாவுக்கு மாற்றப்பட்டது, அளவுக்கு மீறி ஆள் ஏற்றப்பட்டது. அந்த விபத்து நடந்ததோ அலையற்ற கழிமுகத்தில்.

நம் பக்கத்தில் திமிங்கலமே கிடையாது என்று நான் சொல்லவில்லை. மணப்பாட்டை அடுத்த கடற்கரையில் 1973-இல் 147 பைலட் திமிங்கலங்கள் கரையொதுங்கின. 2016 ஜனவரியில் அதே பகுதியில் எண்பதுக்கும் மேற்பட்டவை ஒதுங்கியபோது, மீனவர்கள் இழுத்துக் கடலுக்குள் விட்டும் பல மீண்டும் கரைக்கே திரும்பி இறந்தன. கூட்டத்தைப் பிரிய மாட்டாத இனம் அது. இவ்வளவு அருகில் அவை வாழ்கின்றன என்பதே நமக்கு அவை சாகும்போதுதான் செய்தியாகிறது. அதை விட்டால் திமிங்கலம் நம் நாளிதழ்களில் இடம்பெறுவது, எண்ணெய்த் திமிங்கலத்தின் குடலில் உண்டாகும் அம்பர்கிரிஸைக் கடத்தியவர்கள் பிடிபடும்போது மட்டுமே. 1972-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் முதல் அட்டவணையில் இருக்கும் விலங்கு அது. கரையில் ஒதுங்கிய துண்டை எடுத்து விற்பதும் குற்றம் என்பது கடற்கரை ஊர்களில் இன்னும் பலருக்குச் சரியாகச் சொல்லப்படவில்லை.

ஆனால் நம் மாவட்டத்தில் திமிங்கலத்தை உயிரோடு, கடலில், அடிக்கடி பார்த்தவர்கள் இருக்கிறார்கள். தூத்தூர், சின்னத்துறை, வள்ளவிளை, இரவிபுத்தன்துறை ஊர்களின் ஆழ்கடல் தூண்டில்காரர்கள் லட்சத்தீவுக்கு அப்பாலும் குஜராத்துக்கு மேற்கேயும் வாரக்கணக்கில் தங்கிச் சுறாவும் சூரையும் பிடிக்கிறவர்கள். எந்த நீரில் ஓங்கில் (டால்பின்) கூட்டம் துள்ளும், எங்கே பெரிய மூச்சு எழும் என்பது அவர்கள் நினைவில் இருக்கிறது. யாரும் எழுதி வாங்கவில்லை. 2017-இல் ஒக்கிப் புயல் அடித்தபோது அப்படி எவ்வளவோ அறிவு ஆட்களோடு சேர்ந்து கடலில் போயிற்று. மீனவர்களுக்கு வருமானம் வேண்டும் என்று தாங்கள் எழுதியிருப்பதை நான் முழு மனத்தோடு ஏற்கிறேன். அந்த வருமானத்தை அவர்களுடைய படகை வாடகைக்கு எடுத்துக் கொடுப்பதைவிட, அவர்களுடைய அறிவுக்குக் கொடுப்பதே முறை: கண்டவற்றைப் பதிவுசெய்வதற்கு ஊதியம், பிறகு பயிற்சி, பிறகு வழிகாட்டி என்ற அரசுச் சான்று. எந்த மாதத்தில் எங்கே என்ன இருக்கிறது என்று சில ஆண்டுக் கணக்கு கையில் வந்த பிறகு, அதற்கென்றே கட்டிய படகு வேண்டுமா, எத்தனை வேண்டும் என்று பேசலாம். அதுவரை சீட்டு விற்பதை நான் எதிர்க்கிறேன்.

தாங்கள் மறுபடியும் இலங்கைக்குப் போவதானால், பணம் கட்டும் முன்பு, எவ்வளவு தூரத்தில் நிறுத்துவீர்கள், அங்கே ஏற்கெனவே நாலைந்து படகு நின்றால் என்ன செய்வீர்கள் என்று இரண்டு கேள்வி கேளுங்கள். மிரிஸ்ஸவுக்குத் தெற்கே உலகின் பெரும் கப்பல் தடங்களில் ஒன்று செல்கிறது. திமிங்கலங்கள் கப்பல் மோதிச் சாகும் இடம் அது. எம்.எஸ்.சி. என்ற பெரிய சரக்குக் கப்பல் நிறுவனம் 2022-இல் தன் கப்பல்களைத் தெற்கே தள்ளி ஓட்ட முன்வந்திருக்கிறது. சரக்குக் கப்பலே விலகும்போது, சுற்றுலாப் படகு நூறு மீட்டர் விலகி நிற்கட்டும் என்று தாங்களும் படகோட்டியிடம் தயங்காமல் சொல்லலாம்.

ஆழ்கடலுக்குச் செல்லும் வாசகர்களுக்கு ஒரு வேண்டுகோள்: திமிங்கலம் கண்ட நாள், இடம், எத்தனை பாகம் ஆழம், எத்தனை விலங்குகள், மூச்சு நேராக எழுந்ததா சாய்ந்து எழுந்ததா என்பவற்றை ஓர் அஞ்சலட்டையில் எழுதி அனுப்புங்கள். மாதந்தோறும் இதே பக்கத்தில் அவற்றை வெளியிடுவோம்.