சன்னி ராலின்ஸ்: கேளுங்கள், தெரிந்ததைச் சொல்கிறேன்

இன்று மாலை முழுக்க சன்னி ராலின்ஸ்தான். ஜாஸ், டெனர் சாக்ஸபோன், 1930-ல் நியூயார்க்கின் ஹார்லெமில் பிறந்தவர். நான் வாசிப்பவன் இல்லை, வெகுகாலமாகக் கேட்பவன். ஒரே ஒரு வேண்டுகோள்: இசைத்தட்டு பதிவான தேதி வேறு, வெளியான தேதி வேறு. இரண்டையும் குழப்பிக்கொண்டு வராதீர்கள்.

கே: ஜாஸே கேட்டதில்லை சார். எதிலிருந்து ஆரம்பிக்க?

'சாக்ஸபோன் கொலோசஸ்' இசைத்தட்டு, முதல் பாட்டு 'செயின்ட் தாமஸ்'. அவருடைய அம்மா வர்ஜின் தீவுகளைச் சேர்ந்தவர். சின்ன வயதில் வீட்டில் காதில் விழுந்த காலிப்ஸோ (கரீபியத் தீவுகளின் பாட்டு வகை) மெட்டு அது. மேக்ஸ் ரோச்சின் டிரம்ஸ் தனியாகத் தொடங்கும். மெட்டு முடிந்து ராலின்ஸ் முறை வந்ததும் கவனியுங்கள்: இரண்டே சுரம். அதையே முன்னே தள்ளி, பின்னே இழுத்து, நடுவில் இடம் விட்டு விளையாடுவார். குழந்தை ஒரு சொப்பை வைத்துக்கொண்டு அரை மணி ஓட்டுமே, அப்படி.

கே: நம்ம நிரவல் மாதிரியா?

நல்ல கேள்வி. பாதி ஆம். நிரவலில் ஒரு வரியை விடாமல் பிடித்துக்கொண்டு விரிக்கிறோம். அதே தட்டில் 'ப்ளூ செவன்' என்று ஒன்று இருக்கிறது. அதில் அவரும் தொடக்கத்தில் வந்த சின்னத் துணுக்கைத்தான் கடைசிவரை திரும்பத் திரும்பத் தொடுவார். ஆனால் சாகித்யம் கிடையாது. கீழே பன்னிரண்டு பார் (நம் ஆவர்த்தனம் மாதிரி ஒரு தாள அளவு) கொண்ட ப்ளூஸ் என்ற பாட்டு அமைப்பு சுற்றிக்கொண்டே இருக்கும், ஒவ்வொரு சுற்றிலும் கார்டுகள் (சேர்ந்து ஒலிக்கும் சுரக் கூட்டங்கள்) மாறும். தரை நகர்ந்துகொண்டிருக்கும்போது கோலம் போடுகிற வேலை. 1958-ல் இசையமைப்பாளர் குந்தர் ஷுல்லர் இந்தப் பாட்டை அக்குவேறு ஆணிவேறாகப் பிரித்துக் கட்டுரை எழுதினார். அதைப் படித்தபின் ராலின்ஸுக்கு வாசிக்கும்போதே தன்னைத் தானே கவனிக்கிற தொல்லை வந்துவிட்டது, விமர்சனம் படிப்பதையே விட்டார்.

கே: பாலத்தில் போய் வாசித்தாராமே, ஏன்?

1959-ல் பேரும் புகழுமாக இருந்தபோது மேடையை விட்டு விலகினார். புகழ் முன்னால் ஓடுகிறது, கை பின்தங்கி நிற்கிறது என்று அவருக்கே பட்டது. வீட்டில் சாதகம் செய்யலாமென்றால் அதே கட்டடத்தில் கர்ப்பிணிப் பெண் ஒருவர் இருந்தார். டெனர் சாக்ஸ் சத்தம் சும்மா இருக்காது. அதனால் பக்கத்திலிருந்த வில்லியம்ஸ்பர்க் பாலத்தின் நடைபாதைக்குப் போனார். ஒரு பக்கம் ரயில், கீழே படகுச் சங்கு; எவ்வளவு பலமாக ஊதினாலும் யாருக்கும் தொந்தரவில்லை. 1961 வரை மழை, பனி பாராமல் அங்கேதான். சில நாள் பதினைந்து மணி நேரம்கூட.

கே: அந்தப் பாலத்தில் வாசித்த ஆல்பம் 'தி பிரிட்ஜ்' எங்கே கிடைக்கும்?

அது பாலத்தில் வாசித்ததில்லை. திரும்பி வந்தபின் 1962 தொடக்கத்தில் ஸ்டுடியோவில் பதிவானது. பியானோ இல்லை, ஜிம் ஹாலின் கிட்டார். இதற்குத்தான் தேதி பார்க்கச் சொன்னேன்.

கே: இந்த ஜாஸ்காரங்க எல்லாம் போதையில்தானே அப்படி வாசிச்சாங்க?

இந்தக் கதையை யார் கிளப்பிவிட்டார்களோ தெரியவில்லை. ராலின்ஸ் ஹெராயினில் விழுந்தவர்தான். 1950-ல் கொள்ளை வழக்கில் மாட்டி ரைக்கர்ஸ் சிறையில் பத்து மாதம் இருந்தார். 1955-ல் கென்டக்கியின் லெக்சிங்டன் மருத்துவமனையில் தானே போய்ச் சேர்ந்து விட்டொழித்தார். நேரே மேடைக்குப் போகவில்லை. சிகாகோவில் கட்டடம் கூட்டிப் பெருக்கும் வேலை பார்த்தார். நீங்கள் இன்று கொண்டாடுகிற 'கொலோசஸ்' அதற்கு அப்புறம், 1956 ஜூன் 22. போதை தெளிந்த கை அது.

இன்னொரு தேதியும் சொல்லிவிடுகிறேன். அதே மாதம் 26-ம் தேதி, அவர் வாசித்துக்கொண்டிருந்த குழுவின் டிரம்பெட் மேதை கிளிஃபோர்ட் பிரவுனும் பியானோ ரிச்சி பவலும் கார் விபத்தில் போய்விட்டார்கள். நான்கே நாள் இடைவெளி. 'செயின்ட் தாமஸ்' அவ்வளவு குதூகலமாக இருப்பது எனக்கு இன்னும் தாங்காது.

கே: எந்த மவுத்பீஸ், எந்த ரீட் வாங்கினால் அந்த டோன் வரும்?

உங்கள் வாத்தியாரைக் கேளுங்கள்.

கே: 'டெனர் மேட்னஸ்'ல கோல்ட்ரேன் இவரைத் தூக்கிச் சாப்பிட்டுட்டார். ஒத்துக்கோங்க அண்ணா.

மாட்டேன். ஜான் கோல்ட்ரேனும் டெனர் சாக்ஸ்காரர்தான். 1956 மே 24, ராலின்ஸ் தலைமையில் நடந்த பதிவு. பியானோ, பாஸ், டிரம்ஸ் மூவரும் டிரம்பெட்காரர் மைல்ஸ் டேவிஸின் குழு ஆட்கள். அவர்களோடு கோல்ட்ரேனும் வந்தார், 'டெனர் மேட்னஸ்' என்ற அந்த ஒரு ப்ளூஸ் பாட்டுக்கு மட்டும் சேர்ந்துகொண்டார். இருவரும் சேர்ந்த ஒலிப்பதிவு இது ஒன்றுதான். முதலில் ஊதுகிறவர் கோல்ட்ரேன்: மெலிந்த, கூர்மையான குரல், அவசரம். பிறகு ராலின்ஸ்: தடித்த குரல், சாவகாசம். இதில் சண்டை எங்கே இருக்கிறது?

கே: சாவகாசம்னு சொல்றது சாக்கு. கோல்ட்ரேன் வேகத்துக்கு ஈடுகொடுக்க முடியலை.

தம்பி, கடைசியில் நாலு நாலு பாராக மாற்றி மாற்றி ஊதுகிறார்களே, அதைக் கேட்டீர்களா? ஒருவர் விட்ட நூலை மற்றவர் பிடிக்கிறார். ஈடுகொடுக்க முடியாதவர் செய்கிற காரியமா அது? உங்கள் காதில் 1960-க்குப் பிந்தைய கோல்ட்ரேன் இருக்கிறார். அவரை 1956-க்கு இழுத்துவந்து தீர்ப்புச் சொல்கிறீர்கள். மறுபடியும் தேதி!

கே: யார் ஜெயிச்சான்னு ஒரே வார்த்தையில்?

ப்ளூஸ்.

கே: இந்தியா வந்தாரா?

வந்தார். 1968-ல் பம்பாய் பவாயில் ஓர் ஆசிரமத்தில் தங்கி யோகமும் வேதாந்தமும் படித்தார். சாக்ஸையும் கையோடு கொண்டுவந்தார்.

கே: பாலத்துக்கு ஏன் போனார்?

மேலே இருக்கிறது.

கே: வயதான காலத்து ராலின்ஸில் ஏதாவது தேறுமா?

'தேறுமா'வா! 2001 செப்டம்பர் 11 தாக்குதலில் இடிந்த உலக வர்த்தக மையத்துக்கு ஆறு தெரு தள்ளிக் குடியிருந்தார். கட்டடத்தைக் காலி செய்யச் சொன்னதும் சாக்ஸை மட்டும் தூக்கிக்கொண்டு, எழுபத்தொரு வயதில், நாற்பது மாடி அளவுக்குப் படியிறங்கினார். நான்காம் நாள், செப்டம்பர் 15, பாஸ்டனில் கச்சேரி. ரத்து செய்துவிடலாம் என்றார். மனைவி லூசில் விடவில்லை. வாசித்தார். தட்டு 2005-ல் வந்தது, கிராமி கிடைத்தது. முதலில் அதைக் கேட்டுவிட்டு வாருங்கள்.

கே: பாலத்தில் வாசித்த ரெக்கார்டிங்...

இல்லை, இல்லை, இல்லை.

கே: சண்டையைப் பார்த்துட்டு 'டெனர் மேட்னஸ்' இப்பதான் கேட்டேன். எனக்கு டிரம்ஸ்காரரைத்தான் பிடிச்சுது. தப்பா?

ஃபில்லி ஜோ ஜோன்ஸ். இன்று வந்தவர்களில் நீங்கள் ஒருவர்தான் ஒழுங்காகக் கேட்டிருக்கிறீர்கள்.