ரைன்ஹோல்ட் ஷுன்ட்ஸெல்: கடிதமும் பதிலும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

1933இல் வந்த ‘விக்டர் உண்ட் விக்டோரியா’ என்ற ஜெர்மன் படம் பார்த்தேன். ஆண் வேடம் போட்டு அலையும் பெண்ணை வைத்து இவ்வளவு குறும்பான பாட்டுப்படம், ஹிட்லர் ஆட்சிக்கு வந்த அதே வருடம் எடுக்கப்பட்டிருக்கிறது! இயக்குநர் ஷுன்ட்ஸெலின் தாய் யூதர் என்று படித்ததும் குழப்பம் கூடிவிட்டது. நாஜிகளை உள்ளிருந்தே கிண்டலடித்தவர் என்கிறார்கள் சிலர், பிழைப்புக்காக வளைந்துகொடுத்தவர் என்கிறார்கள் சிலர். உங்கள் கருத்து?

எஸ்.

அன்புள்ள எஸ்,

இரண்டு கட்சியிலும் சேர எனக்கு மனமில்லை.

1888இல் ஹாம்பர்கில் பிறந்த ஷுன்ட்ஸெல் முதலில் பேர் வாங்கியது நடிகராக, அதுவும் கயவன் வேடங்களில். 1919இல் இயக்குநர் ரிச்சர்ட் ஓஸ்வால்டின் படத்தில் நடிகர் கான்ராட் வைட்டை மிரட்டிப் பணம் பறிப்பவர் அவர்தான். 1931இல் இயக்குநர் பாப்ஸ்டின் ‘த்ரீபென்னி ஓபரா’வில் கொள்ளைக்காரனோடு கூட்டு வைத்த போலீஸ் தலைவர். படங்களும் இயக்கிக்கொண்டிருந்தார் என்றாலும், அவருக்கென்று ஒரு பாணி கூடிவந்தது பேசும்படக் காலத்தில், ஜெர்மனியின் பெரிய படநிறுவனமான உஃபாவில்.

நீங்கள் பார்த்த படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். பெண் வேடமிட்டுப் பிழைக்கும் நடிகனுக்குத் தொண்டை கட்டிக்கொள்கிறது, அவனுக்குப் பதிலாக, பெண் வேடமிட்ட ஆண் என்று சொல்லிக்கொண்டு ரெனாட்டே முல்லர் மேடையேறுகிறார். நாயகன் அடோல்ஃப் வோல்ப்ரூக்குக்கு உண்மை தெரிந்துவிடுகிறது. தெரியாததுபோல் ரெனாட்டேயை மதுக்கூடத்துக்கு இழுத்துப்போய் விஸ்கியும் சுருட்டுமாகப் படுத்துகிறார். கதையை 1982இல் ஹாலிவுட்டும் எடுத்தது. ஆனால் ஷுன்ட்ஸெலின் கைவண்ணம் கதையில் இல்லை. வசனத்தில் பெரும்பகுதியை எதுகையோடு, ஃபிரான்ஸ் டோலேயின் இசைத் தாளத்துக்குப் பேசவைத்திருக்கிறார். பேச்சு எங்கே முடிகிறது, பாட்டு எங்கே ஆரம்பிக்கிறது என்று கண்டுபிடிக்க முடியாது.

சட்டப்படி அவர் ‘பாதி யூதர்’. தனி அனுமதியின்பேரில்தான் வேலை செய்தார். அரசுக்கு அவர்மேல் பாசம் ஒன்றுமில்லை. படங்கள் ஓடின, உஃபா பிரெஞ்சுப் பதிப்பும் சேர்த்தே எடுத்து வெளியே விற்றது, அவ்வளவுதான்.

‘உள்ளிருந்து கிண்டல்’ கட்சிக்காரர்கள் காட்டுவது 1935இல் வந்த ‘ஆம்ஃபிட்ரியோன்’. வில்லி ஃப்ரிட்ஷ் தளபதி ஆம்ஃபிட்ரியோனாகவும், தேவர்களின் தலைவன் ஜூபிடராகவும் இரட்டை வேடம். தேவதூதன் மெர்குரி ஒலிம்பஸ் மலையில் ரோலர் ஸ்கேட்ஸ் மாட்டிக்கொண்டு வழுக்கி வருகிறான். ஜூபிடரின் மனைவி ஜூனோவாக வரும் கிழவி அடேலே சாண்ட்ராக் அதட்டினால் தேவாதிதேவனே பம்முகிறார். அதன் பிரம்மாண்டத் தூண்களும் அணிவகுப்பும் நாஜி ஊர்வலங்களை நையாண்டி செய்வதாகப் பலர் எழுதியிருக்கிறார்கள். நையாண்டி இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் அதே படம் தணிக்கையைத் தாண்டி, அரங்கு நிறைந்து ஓடி, உஃபாவின் கல்லாவையும் நிரப்பியது. அதற்கு எதிர்ப்பு என்று பேர் வைப்பது கொஞ்சம் அதிகம். எந்தப் பெரிய மனிதனைப் பார்த்தாலும் சிரிப்பு வந்துவிடுகிற ஆள் அவர். அதிகாரத்தில் இருந்தவர்கள் அதைப் பொறுத்துக்கொள்ளும் அளவுக்குச் சம்பாதித்துக் கொடுத்தார். 1937இல் ‘லாண்ட் டெர் லீபெ’ படத்தோடு அந்தப் பொறுமை தீர்ந்தது. அமெரிக்கா போய்விட்டார்.

என்னைக் கேட்டால், அவர் வாழ்க்கையில் பேசவேண்டிய இடம் இதற்கப்புறம்தான். ஹாலிவுட் ஸ்டூடியோ எம்ஜிஎம்மில் மூன்று படங்கள். ஜோன் க்ராஃபோர்டைப் பனிச்சறுக்கு உலகத்துக்குக் கொண்டுபோன ‘ஐஸ் ஃபாலீஸ்’ எந்த ஸ்டூடியோ இயக்குநரும் எடுத்திருக்கக்கூடிய படம். இன்னொரு ஜெர்மன் நகைச்சுவை இயக்குநரான லூபிட்ஷ் 1922இல் அமெரிக்காவுக்குக் கப்பலேறியபோது சினிமாவுக்கு வாய் கிடையாது, பேசும்படம் வந்தபோது அவர் அமெரிக்காவில் காலூன்றியிருந்தார். ஷுன்ட்ஸெலோ ஐம்பதை நெருங்கும் வயதில், ஜெர்மன் எதுகையையே நம்பிய ஒரு கலையோடு போய் இறங்கினார். போதாக்குறைக்கு, 1937 வரை நாஜி ஜெர்மனியில் படமெடுத்தவர் என்று முன்னதாகவே தப்பிவந்திருந்த சகாக்களில் பலர் முகம் கொடுக்கவில்லை.

திரும்ப நடிப்புக்கே வந்தார். இயக்குநர் ஃபிரிட்ஸ் லாங்கின் படத்தில் கெஸ்டபோ என்ற நாஜி ரகசியப் போலீஸின் அதிகாரி. ஹிட்ச்காக்கின் ‘நொட்டோரியஸ்’ (1946) படத்தில் விஞ்ஞானி ஆண்டர்சன். இன்கிரிட் பெர்க்மனுக்கான விஷம் கலந்த காபியை இவர் தெரியாமல் கையில் எடுக்க, விஷம் வைத்த அம்மாவும் பிள்ளையும் பதறித் தடுப்பார்களே, அந்தக் காட்சி. அந்த அசட்டு நிதானம் நகைச்சுவை தெரிந்தவனுக்குத்தான் வரும்.

1949இல் ஜெர்மனி திரும்பி, 1954இல் ம்யூனிக்கில் காலமானார். நீங்கள் அடுத்து ‘ஆம்ஃபிட்ரியோன்’ பாருங்கள். சப்டைட்டிலில் எதுகை போய்விடும், காதைத் தீட்டிக்கொண்டு பாருங்கள்.