நான்காவது ஆள் எங்கே நிற்கிறான்?

வணக்கம். என் மகன் அமெரிக்காவில் ஒரு சிறிய கல்லூரியின் கூடைப்பந்து அணியில் இருக்கிறான். ஆறடி ஆறு அங்குல உயரம். பள்ளியிலிருந்தே ரிங்குக்கு அடியில் நின்று ஆடிப் பழகியவன். இந்த வருடம் வந்த புதிய கோச் அவனை த்ரீ பாயிண்ட் கோட்டுக்கு வெளியே நிறுத்துகிறார். உயரம் வீணாகிறது, அணியும் தோற்றுக்கொண்டே இருக்கிறது. தோற்ற அன்று அவன் ஃபோனை எடுப்பதே இல்லை. நார்த் கரோலினா பல்கலைக்கழக அணிக்கு ஹூபர்ட் டேவிஸ் கோச்சாக வந்த முதல் சீசனிலேயே ஃபைனல் போனார்கள். அது அதிர்ஷ்டமா, அல்லது பழைய மாணவரே கோச்சாக வந்த பாசமா? இவனை வேறு கல்லூரிக்கு மாறச் சொல்லலாமா? கோச்சுக்கு ஒரு மெயில் எழுதலாம் என்றும் இருக்கிறேன்.

சு.

அன்புள்ள சு.,

ஃபோனை எடுக்காத பிள்ளையைப் பற்றிக் கவலைப்படாதீர்கள். தோல்வி உறைக்கிறவன்தான் எடுக்கமாட்டான். கவலையெல்லாம் உங்களைப் பற்றித்தான்.

அந்த 2021-22 சீசனைப் பற்றியே யோசித்துக்கொண்டிருந்த நேரத்தில் உங்கள் கடிதம் வந்தது. பாசத்தை முதலில் ஓரமாக வையுங்கள். டேவிஸ் அங்கே பழைய கோச் டீன் ஸ்மித்திடம் ஆடியவர், 2012 முதல் தனக்கு முந்தைய கோச் ராய் வில்லியம்ஸுக்கு உதவிப் பயிற்சியாளர். அவருடைய பாசம் ஜனவரியிலும் அப்படியேதான் இருந்தது. அந்த ஜனவரியில் மயாமியிடம் 28 புள்ளி வித்தியாசத்தில் தோற்றார்கள், நான்கே நாளில் வேக் ஃபாரஸ்ட்டிடம் 22 புள்ளியில். பிப்ரவரியில் சொந்த மைதானத்தில் டியூக்கிடம் 67-87. அன்று நீங்கள் கடிதம் எழுதியிருந்தால் கோச்சை மாற்று என்றுதான் எழுதியிருப்பீர்கள்.

அதிர்ஷ்டம் என்றீர்களே, அதற்குத்தான் கோபம் வருகிறது. ஆட்டத்தைப் பார்க்காமல் ஸ்கோரை மட்டும் பார்க்கிறவர்களின் சொல் அது.

வில்லியம்ஸின் அணிகளில் பெரும்பாலும் இரண்டு உயரமானவர்கள் உள்ளே ஆடுவார்கள். டேவிஸ் பொறுப்பேற்ற 2021-ல் அந்த உயரமானவர்களில் கெஸ்லரும் புரூக்ஸும் வேறு கல்லூரிக்குப் போனார்கள், ஷார்ப் தொழில்முறை லீக்கான என்பிஏவுக்கு. அவர்கள் இடத்துக்கு டேவிஸ் தேடியது வெளியிலிருந்து எறியத் தெரிந்த உயரமானவர்களை. மார்க்கெட் பல்கலைக்கழகத்திலிருந்து கார்சியா வந்தார், ஓக்லஹோமாவிலிருந்து ஆறடி ஒன்பது அங்குல பிரேடி மானெக். கார்சியா குடும்பக் காரணத்தால் பாதியில் விலக, மானெக் முதல் ஐவரில் நிலைத்தார்.

இனி நான் சொல்வதைத் தாளில் வரைந்து பாருங்கள். கல்லூரி ஆட்டத்தில் ரிங்குக்கு முன்னுள்ள கட்டத்தின் அகலம் 12 அடி. இடது ஓரத்தில், போஸ்ட் என்கிற இடத்தில், அணியின் சென்டர் ஆர்மாண்டோ பேக்காட் முதுகைக் கொடுத்துப் பந்து வாங்குகிறார். இன்னொரு உயரமானவன், அதாவது ஐவரில் நான்காம் இடத்துக்காரன், வலது ஓரத்தில் நின்றால் அவனுடைய டிஃபெண்டர் கட்டத்துக்குள் ஒரு கால் வைத்துத்தான் நிற்பான். இரண்டே எட்டில் பேக்காட் மேல் இரண்டு பேர். அந்த நான்காவது ஆளை ரிங்கிலிருந்து 22 அடி 1¾ அங்குலத்தில் இருக்கும் கோட்டுக்கு வெளியே கொண்டுபோங்கள். டிஃபெண்டர் உதவிக்கு வந்தால், பந்து வெளியே திரும்பும்போது அவன் பதினைந்து அடியாவது ஓடித் தடுக்க வேண்டும். பாஸ் அவனை முந்திவிடும். வராவிட்டால் பேக்காட்டுக்கு ஒற்றைக்கு ஒற்றை. அந்த சீசனில் பேக்காட் 31 ஆட்டங்களில் டபுள்-டபுள் எடுத்தார், அதாவது புள்ளியும் ரீபவுண்டும் (விழாமல் திரும்பும் பந்தைப் பிடிப்பது) இரண்டுமே பத்துக்குக் குறையாமல். அது பழைய நட்சத்திரம் டேவிட் ராபின்சனின் ஒரு சீசன் சாதனைக்குச் சமம். அதில் ஒரு பங்கு பந்தைத் தொடாமலே மானெக் சம்பாதித்துக் கொடுத்தது.

ஆனால் வெளியே நின்றால் மட்டும் போதாது. பெரும்பாலான பையன்கள் இங்கேதான் தவறுகிறார்கள். பந்து போஸ்டுக்குள் போன நொடியில் டிஃபெண்டர் தலையைத் திருப்பிப் பந்தைப் பார்ப்பான். அந்தத் திருப்பத்திலேயே இரண்டு எட்டு பக்கவாட்டில் நகர வேண்டும், போஸ்டில் இருப்பவன் கண்ணுக்கு நேராக. முழங்கால் முன்பே மடிந்திருக்க வேண்டும், பந்து கைக்கு வந்தபின் மடக்கினால் தடுப்பவன் வந்துவிடுவான். கோட்டை ஒட்டி நிற்கக் கூடாது, ஒரு அடி பின்னால் நிற்க வேண்டும். கால்விரல் கோட்டைத் தொட்டால் மூன்று இரண்டாகிவிடும். போஸ்டில் இருப்பவனும் டிரிபிள் செய்யுமுன் ஒருமுறை வெளியே பார்க்க வேண்டும், இரண்டாவது ஆள் பாய்வது பந்து தரையைத் தொடும்போதுதான். நஷ்டமும் உண்டு. ரீபவுண்டுக்கு உள்ளே ஓர் ஆள் குறையும்.

அதே சீசனில் என்சிஏஏ போட்டியில், அதாவது கல்லூரிகளின் தேசியப் போட்டியில், பேலருடன் நடந்த ஆட்டத்தைப் பாருங்கள். ஏறத்தாழ பத்து நிமிடம் இருக்கையில் நார்த் கரோலினா 67-42 என்று முன்னிலை. முழங்கை பட்டதற்காக மானெக்கை வெளியேற்றினார்கள், பிறகு ஐந்து ஃபவுலில் கேலப் லவ்வும் போனார். பேலர் முழு மைதானத்துக்கும் பிரஸ் போட்டது, அதாவது பந்து வரும் வழியெல்லாம் நெருக்கித் தடுத்தது. பிரஸ்ஸை உடைக்க நடுவில் ஓர் உயரமான கை வேண்டும், ஓரக்கோட்டில் மடக்கப்பட்ட கார்டு (பந்தை முன்னே கொண்டுவருபவன்) தலைக்கு மேலே தூக்கிக் கொடுக்க. அது இல்லாமல் பத்து வினாடிக்குள் பாதிக் கோட்டைத் தாண்டுவதே பெரும்பாடாகி, 80-80. கூடுதல் நேரத்தில் 93-86 என்று தப்பித்தார்கள். கான்சாஸுடனான ஃபைனலில் 15 புள்ளி முன்னிலையை விட்டு 69-72-ல் தோற்றதற்குக் காரணம் வேறு. அது களைப்பும் பேக்காட்டின் கணுக்கால் காயமும்.

அடுத்த வருடத்தைத்தான் யாரும் பேசுவதில்லை. முதல் ஐவரில் நால்வர் திரும்பினார்கள், மானெக் மட்டும் இல்லை. சீசன் தொடங்கும்போது தரவரிசையில் முதலிடம், முடிவில் 20 வெற்றி, 13 தோல்வி, என்சிஏஏ போட்டிக்கு அழைப்பே இல்லை. 1985-ல் 64 அணிகளாக விரிந்த பிறகு எந்த முதலிட அணிக்கும் இப்படி நேர்ந்ததில்லை. அணி எறிந்த த்ரீ பாயிண்ட்களில் விழுந்தவற்றின் சதவீதம் 36-க்கு அருகிலிருந்து 31-க்கு இறங்கியிருந்தது. பழி முழுவதும் நான்காம் இடத்தின் மேல் இல்லை, லவ்வின் த்ரீயே 30-க்குக் கீழேதான். ஆனாலும் எதிரணிகளுக்கு உள்ளே வந்து கூடி நிற்கத் துணிவு வந்துவிட்டது.

ஆகவே உங்கள் மகனின் உயரம் வீணாகவில்லை. மூன்றுக்கு ஒன்று விழுந்தால் போதும், உள்ளே இரண்டுக்கு ஒன்று போடுவதற்கு அது சமம். 30 சதவீதத்துக்குக் கீழே போனால்தான் டிஃபெண்டர் அவனை விட்டு உள்ளே போய் நிற்பான். சும்மா நின்று எறிவதைக் கணக்கில் சேர்க்காமல், போஸ்டிலிருந்து வரும் பாஸை வாங்கி, எதிரே ஒருவன் ஓடிவரும்போது எறிந்து பழகச் சொல்லுங்கள்.

கோச்சுக்கு மெயில் மட்டும் எழுதாதீர்கள். கல்லூரிக்குப் போன பிள்ளை, அவனே கேட்கட்டும்: "என் ஆள் உதவிக்குப் போனதும் நான் எறியவா, உள்ளே வெட்டி ஓடவா?" இதற்கு அந்தக் கோச்சிடம் தெளிவான பதில் இல்லையென்றால், மாறுவதைப் பற்றி சீசன் முடிந்தபின் பேசலாம்.