"85 ஆகட்டும்" என்கிறார் அம்மா

கேள்வி: என் அம்மாவுக்கு 84 வயது. மூத்தோர் தடகளத்தில் 100 மீட்டர் ஓடவும் குண்டு எறியவும் இரண்டு வருடமாகப் பயிற்சி செய்கிறார். "85 ஆகட்டும், அப்புறம் பார்" என்கிறார். விழுந்து எலும்பு முறிந்தால் என்ன செய்வது? எப்படித் தடுப்பது?

பதில்: அன்புச் சகோதரி, அம்மா ஏன் 85-க்குக் காத்திருக்கிறார் தெரியுமா? மூத்தோர் தடகளத்தில் 35 வயதிலிருந்து ஐந்தைந்து வயதாகப் பிரிவுகள் உண்டு. இப்போது அவர் 80–84 பிரிவிலேயே மூத்தவர், தன்னைவிட நான்கு வயது சின்னவர்களோடு ஓட வேண்டும். 85 ஆகிவிட்டால் அடுத்த பிரிவுக்கே அவர்தான் இளையவர்! இவ்வளவு யோசித்து வைத்திருப்பவரைத் தடுக்க வழி சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

உங்கள் பயம் நியாயமானது. ஆனால் வயதானவர்கள் விழுவதற்குக் காலில் வலு குறைவது ஒரு முக்கியக் காரணம். அம்மா அந்த வலுவைத்தான் சேர்த்துக்கொண்டிருக்கிறார். நம் இந்தியாவின் ஓட்டக்காரப் பாட்டி மான் கௌர் 93 வயதில்தான் ஓட ஆரம்பித்தார். 2017-இல் ஆக்லாந்தில் 100 மீட்டரை 74 வினாடியில் ஓடி முடித்தபோது அவருக்கு 101.

முதலில் டாக்டரைப் பாருங்கள். "நடக்கலாமா" என்று கேட்காதீர்கள், "முழு வேகத்தில் ஓடலாமா" என்று கேளுங்கள். இதயம், எலும்பு அடர்த்தி, கண்பார்வை எல்லாம் பார்க்க வேண்டும். தலைசுற்றல் தரும் மாத்திரை ஏதாவது இருந்தால் அதையும் சொல்லுங்கள். நெஞ்சில் அழுத்தமோ மூச்சுத்திணறலோ வந்தால் உடனே நிறுத்திவிட்டு மருத்துவ உதவி தேட வேண்டும். இதில் மட்டும் விட்டுக்கொடுக்காதீர்கள்.

குண்டு பற்றிப் பெரிய கவலை வேண்டாம். 75 வயதைத் தாண்டிய பெண்களுக்கு 2 கிலோதான். ஓட்டத்தையும் குனிந்து தொடங்க வேண்டிய கட்டாயமில்லை, நின்றபடியே கிளம்பலாம்.

நான் பயப்படுவது முடிவுக்கோட்டை நினைத்துத்தான். கோடு நெருங்கும்போது எல்லோருக்குமே நெஞ்சை முன்னே தள்ளத் தோன்றும். இளம் கால்கள் அந்தச் சாய்வைத் தாங்கிக்கொள்ளும். 84 வயதில் தலை முந்திவிடும், கால் பின்தங்கிவிடும். சரி, சாயாமலே ஓடி முடித்தார் என்றாலும் சட்டென்று நின்றுவிடக் கூடாது. ரத்த அழுத்தம் இறங்கித் தலை சுற்றும். கோட்டைத் தாண்டியும் பத்துப் பதினைந்து மீட்டர் ஓடி, மெல்ல மெல்ல நடைக்கு வர வேண்டும். இதைப் பயிற்சியிலேயே பழக்க வேண்டும்.

நாளையிலிருந்து நீங்களும் மைதானத்துக்குப் போங்கள். கோட்டுக்குப் பதினைந்து மீட்டர் அப்பால், அவர் பாதைக்கு நேராக நில்லுங்கள். அம்மா கோட்டைப் பார்க்க வேண்டாம், உங்களைப் பார்த்து ஓடி வரட்டும்.