ரஷ்யப் பெல்மெனியில் (கறிப் பூரணம் வைத்து வேகவைக்கும் சிறு மாவுக் கொழுக்கட்டை) எத்தியோப்பிய பெர்பெரே மசாலா சேர்த்தால் காரம் பச்சையாக அடிக்கிறதே, ஏன்?

பெர்பெரேயைப் பச்சைக் கொத்துக்கறியில் நேராகக் கலப்பதுதான் காரணம். அதிலுள்ள மிளகாயும் வெந்தயமும் கொழுப்பில் வதங்கினால்தான் பச்சை வாசனை போகும். பெல்மெனி தண்ணீரில் வேகும் சில நிமிடங்கள் அதற்குப் போதாது.

எத்தியோப்பியச் சமையலில் செய்வதுபோல, பொடியாக நறுக்கிய 100 கிராம் வெங்காயத்தை எண்ணெயில்லாமல் சிறுதீயில் நிறம் மாறும்வரை வதக்குங்கள். பிறகு ஒன்றரை மேசைக்கரண்டி நிட்டர் கிப்பே (மசாலா சேர்த்து உருக்கிய நெய்), 2 தேக்கரண்டி பெர்பெரே சேர்த்து 5 நிமிடம். அடிப்பிடித்தால் கசக்கும், சிறிது தண்ணீர் தெளியுங்கள். முழுக்க ஆறியபின்தான் 300 கிராம் மாட்டுக் கொத்துக்கறி, ஒரு தேக்கரண்டி உப்பு, 50 மில்லி ஐஸ் தண்ணீரோடு பிசைய வேண்டும். சூடாகக் கலந்தால் கறிக்கொழுப்பு இளகி மாவை ஈரமாக்கும், ஓரம் ஒட்டாது.

மாவுக்கு 300 கிராம் மைதா, ஒரு முட்டை, 110 மில்லி தண்ணீர், உப்பு. அரைமணி நேரம் மூடிவைத்து, 2 மில்லிமீட்டர் கனத்தில் தேய்த்து, 5 சென்டிமீட்டர் வட்டங்களாக வெட்டுங்கள்.

வட்டங்களில் பூரணம் வைத்து ஓரத்தை ஒட்டி, பிரிஞ்சி இலை போட்ட உப்புநீரில் வேகவிட்டு, மிதந்தபின் 4 நிமிடத்தில் எடுங்கள். ஸ்மெதானா என்ற புளிப்புக் கிரீமை அடுப்பில் ஏற்றாமல் மேலே ஊற்றுங்கள்; காரத்தை அடக்க அதுவே மிகப் பொருத்தம்.

இரு நாட்டு ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவ விரதங்களிலும் இறைச்சி, பால், முட்டை விலக்கு. அந்நாட்களில் மசூர் பருப்பைக் கெட்டியாக வேகவைத்து, எண்ணெயில் வதக்கிய பெர்பெரேயோடு பூரணமாக்கலாம். மாவில் முட்டைக்குப் பதில் 40 மில்லி தண்ணீர் கூடுதலாக விடுங்கள்.