மேக்கிங் வீடியோவுக்கும் திரைக்குப் பின்னால் போகும் ஆவணப்படத்துக்கும் என்ன வித்தியாசம்?

கடைசி எடிட் யார் கையில் இருக்கிறது என்று பாருங்கள். மேக்கிங் வீடியோ பெரும்பாலும் விளம்பரச் செலவில் வருவது. தகராறும் தாமதமும் அதில் வெட்டுப்பட்டுவிடும்.

1991-இல் வந்த 'ஹார்ட்ஸ் ஆஃப் டார்க்னஸ்' ஆவணப்படத்தைப் பார்த்தால் புரியும். 1976-இல் பிலிப்பைன்ஸில் தொடங்கிய 'அபோகலிப்ஸ் நவ்' என்ற வியட்நாம் போர்ப் படத்தின் படப்பிடிப்பைப் பற்றியது. இயக்குநர் கொப்போலாவின் மனைவி எலினோர் கேமராவைப் பிடித்ததும் முதலில் விளம்பரத்துக்காகத்தான். புயலில் செட்டுகள் நாசமாயின. 1977 மார்ச்சில் நாயகன் மார்ட்டின் ஷீனுக்கு மாரடைப்பு. பிலிப்பைன்ஸ் அரசு கொடுத்த ராணுவ ஹெலிகாப்டர்கள், கிளர்ச்சியாளர்களோடு சண்டை என்று பாதியில் பறந்து போயின. ஆனால் நெஞ்சைப் பிசைவது, கணவருக்குத் தெரியாமல் எலினோர் பதிவு செய்த பேச்சுதான்: படம் தேறாது என்று கொப்போலா உடைந்துபோய்ப் புலம்புகிறார். எல்லாவற்றையும் ஃபேக்ஸ் பார், ஜார்ஜ் ஹிக்கன்லூப்பர் என்ற இரு இயக்குநர்கள் ஆவணப்படமாக்கியது பல ஆண்டுகள் கழித்து. அதற்குள் மூலப்படம் கொண்டாடப்பட்டுவிட்டதால் மூடி மறைக்க வேண்டிய அவசியம் குறைந்திருந்தது.

நீங்களே எடுப்பதானால் ஒலிக்கு முதலிடம் கொடுங்கள். கேமரா மைக்கில் ஜெனரேட்டர் இரைச்சல்தான் விழும். அனுமதி வாங்கி இயக்குநர் சட்டையில் காலர் மைக் மாட்டுங்கள். ஒப்புதல் கடிதத்தில் முதல் நாளே கையெழுத்து வாங்குங்கள். சண்டை வந்தபின் யாரும் போடமாட்டார்கள்.