மதுரை வெயிலில் ஒளிப்பதிவு: கேள்வி பதில்

அண்ணே, மேலூர் பக்கம் குறும்படம் எடுக்கிறோம். முக்கியமான காட்சி உச்சி வெயிலில் நடக்கிறது. லைட் எடுக்கக் காசில்லை. என்ன செய்வது?

கதை அந்த வெயிலைக் கேட்கிறதா தம்பி? கேட்கிறது என்றால் அதோடு மல்லுக்கட்டாதீர்கள். மதுரை ஏறத்தாழ 10 டிகிரி வடக்கில் இருக்கிறது. ஏப்ரல் நடுவிலும் ஆகஸ்ட் கடைசியிலும் சூரியன் நேர் உச்சிக்கே வந்துவிடும். கண்குழி இருண்டுவிடும், மூக்கின் நிழல் உதட்டில் விழும். ஆளை எந்தப் பக்கம் திருப்பி நிறுத்தினாலும் அதேதான். தரையைப் பயன்படுத்துங்கள். ஃப்ரேமுக்கு வெளியே, நடிகர் காலடிக்கு முன்னால் ஒரு வெள்ளை வேட்டியை விரித்துப் பாருங்கள், கண் தெரிய ஆரம்பிக்கும். சில்வர் ரிஃப்ளெக்டர் வேண்டாம். கண் கூசினால் நடிப்பு போய்விடும்.

2021-இல் நெதர்லாந்தின் ராட்டர்டாம் திரைப்பட விழாவில் டைகர் விருது வாங்கிய ‘கூழாங்கற்கள்’ இந்த மண்ணில் எடுத்த படம்தான். அதில் வெயில் வெயிலாகவே இருக்கிறது. அப்பனும் மகனும் நடக்க நடக்க நமக்குத் தொண்டை வறள்கிறது. ஒருமுறை ஒளிக்காக மட்டும் பாருங்கள்.

பின்னணி மங்கலாகத் தெரிய லென்ஸ் துளையை அகலத் திறந்து எஃப் 2.8 வைத்தேன். எல்லாம் வெளுத்துப் போகிறது. (திருமங்கலம்)

வெளுக்கத்தான் செய்யும். ஐஎஸ்ஓ (கேமராவின் ஒளி உணர்திறன்) 800, ஷட்டர் 1/50 நொடி என்றால் நல்ல வெயிலில் ஒன்பது ஸ்டாப் அதிகம்; ஒரு ஸ்டாப் கூடினால் வெளிச்சம் இரண்டு மடங்கு. லென்ஸுக்கு முன்னால் வெளிச்சத்தைக் குறைக்கும் கண்ணாடி, அதாவது 2.7 என்டி ஃபில்டர் வேண்டும். ஆனால் பின்னால் யானைமலை நிற்கும்போது அதை ஏன் மங்கலாக்க வேண்டும்? துளையைச் சுருக்கி எஃப் 8 வையுங்கள், 1.8 என்டி போதும். ஊரும் படத்துக்குள் வரும்.

எங்கள் கதாநாயகி நல்ல கறுப்பு. முகத்துக்கு எக்ஸ்போஷர் ஏற்றினால் வானம் போய்விடுகிறது, அண்ணா.

ஏற்றாதீர்கள். கறுப்பு கறுப்பாகவே இருக்கட்டும். இதில் நான் விட்டுக்கொடுக்கவே மாட்டேன். நம் ஊர் முகங்களை வெளுக்க வைத்தே பழகிவிட்டார்கள். கருந்தோலுக்கு வடிவம் கொடுப்பது அதன் மேல் விழும் பளபளப்புதான். வாசல் பக்கமாக உட்கார வைத்து, வெளிச்சத்தைப் பக்கவாட்டில் வரவிடுங்கள். நெற்றியிலும் கன்ன எலும்பிலும் ஒரு கோடு மினுங்கும், அது போதும். வியர்வையைப் பவுடர் போட்டு ஒற்றி எடுக்காதீர்கள். அப்புறம் கலரிங்கில், அதாவது எடுத்த படத்தின் நிறத்தைச் சரிசெய்யும்போது, யாராவது ‘கொஞ்சம் பிரைட் பண்ணலாமே’ என்பார்கள். பக்கத்திலேயே உட்காருங்கள்.

மாசி வீதியில் இரவுக் காட்சி. கடை லைட்டுகள் துடிக்கின்றன.

நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், விளக்கு நொடிக்கு 100 முறை ஏறி இறங்கும். நொடிக்கு 25 ஃப்ரேமில் எடுத்தால் ஷட்டர் 180 டிகிரி, 24 என்றால் 172.8. இரண்டிலும் ஷட்டர் 1/50 நொடி திறந்திருக்கும், ஒவ்வொரு ஃப்ரேமிலும் விளக்கின் இரண்டு துடிப்பு முழுதாக விழும். சில மலிவான எல்இடி பலகைகள் அப்போதும் துடிக்கும். கடைக்காரரிடம் சொல்லி அதை மட்டும் அணைக்கச் சொல்லுங்கள். முந்தின நாள் இரவே போய் டெஸ்ட் எடுத்து, பெரிய திரையில் போட்டுப் பாருங்கள். செல்போனில் பார்த்தால் பிடிபடாது.